மாலைதீவில் ஜனநாயகம் ஏன் இவ்வளவு சிரமப்பட்டது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மருதமுனையில் எங்கள் வீட்டு விறாந்தையில் பின்னேரங்களில் உயர்தரம் படிக்கும் பிள்ளைகள் கூடுவார்கள். பெரியநீலாவணையிலிருந்தும் சைக்கிளில் வருவார்கள். அரசியல் விஞ்ஞானப் பாடத்தில் ஆரம்பித்த பேச்சு எப்படியோ மாலைதீவில் போய் நிற்கும். காரணம் நான்தான். 2007 முதல் 2013 வரை அங்கே தென்கோடியில் உள்ள அட்டூ தீவுக் கூட்டத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பித்தேன். முப்பது வருட ஆட்சி ஒன்று வாக்குச் சீட்டால் முடிந்ததையும், அந்தச் சந்தோஷம் நாலு வருடம்கூட நிலைக்காமல் போனதையும் பக்கத்திலிருந்து பார்த்தவன் நான். பிள்ளைகள் கேட்டவை, அங்கே வேலைக்குப் போகிறவர்கள் கேட்டவை எல்லாவற்றையும் சேர்த்து இங்கே எழுதியிருக்கிறேன்.

மாலைதீவில் இருந்தது ஒரு கட்சி ஆட்சியா, சேர்?

ஒரு கட்சிகூட இல்லை, மகன். 2005 வரைக்கும் அங்கே அரசியல் கட்சியே கிடையாது. 1968 நவம்பர் 11 இல் குடியரசானது. முதல் பத்து வருடம் இப்ராஹிம் நாசிர், 1978 நவம்பரிலிருந்து மவ்மூன் அப்துல் கையூம். பாராளுமன்றம் இருந்தது, அதை மஜ்லிஸ் என்பார்கள். அதில் ஒரு பகுதி ஆட்களை ஜனாதிபதியே நியமிப்பார். ஒவ்வொரு தீவுக்கும் ஒரு தலைவர் இருப்பார், கத்தீப் என்று பெயர். நம்முடைய ஊரில் அந்தச் சொல் ஜும்ஆவில் குத்பா ஓதுகிறவரைக் குறிக்கும். அங்கே அவர் கிட்டத்தட்ட கிராம சேவகர், பிரதேச சபைத் தவிசாளர் இரண்டும் சேர்ந்த மாதிரி. அவரை நியமிப்பதும் அரசாங்கம்.

அதனால் சீனாவிலோ வியட்நாமிலோ இருப்பதுபோல கொள்கையும் கிளைகளும் உள்ள ஒரு கட்சி அங்கே ஆளவில்லை. ஒரு மனிதர் ஆண்டார், அவரைச் சுற்றி நியமனங்கள் இருந்தன. கட்சி ஆண்டிருந்தால் அது தோற்ற பிறகு எதைக் கலைப்பது என்றாவது தெரியும். இங்கே கலைப்பதற்கு ஒன்றுமில்லை. அதிகாரம் முழுவதும் நியமனக் கடிதங்களில் இருந்தது.

அப்படியென்றால் தேர்தலே இல்லையா?

இருந்தது. மஜ்லிஸ் உறுப்பினர்கள் இரகசிய வாக்கெடுப்பில் ஒரே ஒருவரைத் தெரிவுசெய்வார்கள். பிறகு மக்களிடம் போய் அந்த ஒருவருக்கு ‘ஆம்’ அல்லது ‘இல்லை’ என்று வாக்குக் கேட்பார்கள். இலங்கையில் 1982 டிசம்பரில் விளக்கு, குடம் என்று சின்னம் போட்டு ஒரு சர்வஜன வாக்கெடுப்பு நடந்ததே, வீட்டில் மூத்தவர்களிடம் கேட்டுப் பாருங்கள். அங்கே ஜனாதிபதித் தேர்தலே ஒவ்வொரு ஐந்து வருடமும் அப்படித்தான். கையூம் ஆறு முறை வென்றார், ஆறு முறையும் தொண்ணூறு வீதத்துக்கு மேல்.

மக்களிடம் வருவதற்கு முந்திய அந்த மஜ்லிஸ் வாக்கெடுப்பில் 1993 இல் கையூமின் மைத்துனர் இல்யாஸ் இப்ராஹிம் போட்டிக்கு நின்றார். பிறகு நாட்டை விட்டுப் போக வேண்டி வந்தது, அவர் இல்லாமலேயே வழக்கு நடத்தித் தண்டனையும் கொடுத்தார்கள். சொந்த வீட்டாளுக்கே அந்த நிலை என்றால் மற்றவர்கள் யோசிப்பார்கள்தானே.

யாருமே எதிர்க்கவில்லையா?

எதிர்த்தார்கள். ஒவ்வொருவராக, தனித்தனியாக, சிறைக்குப் போனார்கள். 1990 இல் மொஹமட் நஷீத் என்ற இளைஞரும் நண்பர்களும் ஒரு சஞ்சிகை நடத்தினார்கள். பெயர் ‘சங்கு’. திவேஹி மொழியிலும் சங்கு சங்குதான். அந்தச் சொல்லை முதல் முறை கேட்டபோது எனக்கு மனம் நெகிழ்ந்துவிட்டது. சில இதழ்களிலேயே தடை வந்தது, நஷீத் சிறைக்குப் போனார். 1991 இல் சர்வதேச மன்னிப்புச் சபை அவரை மனச்சாட்சிக் கைதி என்று அறிவித்தது. பிறகு ‘சந்தானு’ என்று மின்னஞ்சலில் ஒரு செய்தி மடல் ஓடியது. அதை நடத்தியவர்களுக்கு 2002 இல் ஆயுள் தண்டனை கொடுத்தார்கள். மின்னஞ்சல் அனுப்பியதற்கு ஆயுள் தண்டனை, பிள்ளைகளே.

எந்த இடத்தில் உடைந்தது?

மாஃபுஷி என்ற தீவில் ஒரு சிறைச்சாலை இருக்கிறது. 2003 செப்டம்பரில் அங்கே இவான் நஸீம் என்ற 19 வயதுப் பையனைக் காவலர்கள் அடித்துக் கொன்றார்கள். அடுத்த நாள் கொதித்துப்போன மற்றக் கைதிகள் மீது துப்பாக்கிச் சூடு, இன்னும் மூன்று உயிர்கள். வழக்கமாக இப்படிப்பட்ட மையித்தை அவசரமாக அடக்கிவிடுவார்கள். அந்தத் தாய் விடவில்லை. மகனுடைய உடம்பில் இருந்த காயங்களை ஊர் பார்க்க வேண்டும் என்று நின்றார். ஊர் பார்த்தது. தலைநகர் மாலேயில் அரச கட்டடங்கள் எரிந்தன, அவசரகால நிலை வந்தது.

நான் போன தீவில் இதை எத்தனையோ பேர் எனக்குச் சொல்லியிருக்கிறார்கள். எல்லோரும் அந்தத் தாயில்தான் ஆரம்பிப்பார்கள். மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் பிள்ளையின் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு தெருவோரம் இருக்கும் தாய்மாரைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அதை நான் விளக்கத் தேவையில்லை.

அடுத்த வருடம் 2004 ஓகஸ்ட் 12, 13 ஆம் திகதிகளில் மாலேயின் குடியரசுச் சதுக்கத்தில் ஆயிரக்கணக்கானோர் கூடினார்கள். கலைத்தார்கள், நூற்றுக்கணக்கானோரைப் பிடித்தார்கள். அந்தப் பதின்மூன்றாம் திகதியைக் கறுப்பு வெள்ளி என்றுதான் இன்றும் சொல்வார்கள்.

1988 இல் இலங்கைத் தமிழ் இயக்கம் ஒன்று மாலைதீவைத் தாக்கியதாமே, உண்மையா?

உண்மை. மறைக்க ஒன்றுமில்லை. 1988 நவம்பர் 3 அன்று மாலைதீவு வர்த்தகர் அப்துல்லாஹ் லுதுஃபி என்பவருடைய திட்டத்தில் புளொட் இயக்கத்தைச் சேர்ந்த சுமார் எண்பது பேர் படகில் போய் மாலேயில் இறங்கினார்கள். கையூம் இந்தியாவிடம் உதவி கேட்டார். ஆக்ராவிலிருந்து பரசூட் படை அன்றிரவே ஹுல்ஹுலே விமான நிலையத்தில் இறங்கியது. சில மணி நேரத்தில் முடிந்தது. உயிரிழந்தவர்களில் பொதுமக்களும் இருந்தார்கள். நவம்பர் 3 இன்றும் அங்கே வெற்றி நாள்.

அந்தத் தாக்குதல் கையூமுக்கு இன்னும் இருபது வருடம் கொடுத்தது என்பதுதான் என் எண்ணம். அதற்குப் பிறகு யார் மாற்றம் என்று வாய் திறந்தாலும் ‘நாட்டை அந்நியனுக்குக் கொடுக்கப் பார்க்கிறான்’ என்று சொல்லலாம். ஆயுதத்தோடு போனவர்கள் ஆயுதமில்லாமல் போராடியவர்களின் வேலையைக் கடினமாக்கிவிட்டார்கள். நான் தமிழ் பேசுகிறவன் என்று தெரிந்ததும் ஒரு வயதானவர் இதைக் கேட்டார். வெட்கமாக இருந்தது. ஆனால் அவர் கோபத்தில் கேட்கவில்லை, என்னையும் உட்காரச் சொல்லித் தேநீர் கொடுத்துவிட்டுத்தான் கேட்டார்.

இலங்கைக்கு இதில் நல்ல பங்கு ஏதாவது?

இருக்கிறது. 1965 ஜூலை 26 இல் மாலைதீவின் சுதந்திர ஒப்பந்தம் கையெழுத்தானதே கொழும்பில்தான். 2003 நவம்பரில் எதிர்க்கட்சியான மாலைதீவு ஜனநாயகக் கட்சியை அறிவித்ததும் கொழும்பில் தஞ்சமிருந்தவர்கள்தான். சொந்த நாட்டில் கட்சி தொடங்க முடியாதவர்கள் பக்கத்து நாட்டிலிருந்து தொடங்கினார்கள். அந்த நேரத்தில் நம்முடைய நாடு போர்நிறுத்தத்தில் ஓரளவு மூச்சு விட்டுக்கொண்டிருந்தது.

சுனாமிதான் அங்கே ஜனநாயகத்தைக் கொண்டுவந்ததா?

இந்தக் கேள்வி மருதமுனையில் வராமல் எங்கே வரும்? 2004 டிசம்பர் 26 ஞாயிறு. இலங்கையில் அதிக உயிரை இழந்தது அம்பாறை மாவட்டம், பத்தாயிரத்துக்கும் மேல். அதே அலைதான் மேற்கே போய் மாலைதீவையும் மூடியது. அங்கே இறந்தவர்களும் காணாமல் போனவர்களும் சேர்த்து 108 பேர். எண் சிறியதாகத் தெரியும். ஆனால் நாட்டின் வருடாந்த உற்பத்தியில் அறுபது வீதத்துக்கும் மேலான பெறுமதி ஒரே காலையில் போய்விட்டது. ரா தீவுக் கூட்டத்தில் கந்தொல்ஹுதூ என்ற தீவு முழுவதும் இடம்பெயர்ந்து, பல வருடம் தற்காலிகக் கூடாரங்களிலும் கொட்டில்களிலும் இருந்து, கடைசியில் துவாஃபாரு என்ற வேறு தீவில் குடியேறியது.

எங்கள் ஒழுங்கையில் அன்று வீடு என்று சொல்ல ஒன்றும் மிஞ்சவில்லை. நான் மாலைதீவுக்கு விண்ணப்பித்ததற்கே அதுதான் காரணம், திரும்பக் கட்டக் காசு வேண்டியிருந்தது. போன இடத்திலும் எல்லோரும் அதே நாளைப் பற்றிப் பேசினார்கள்.

சரி, கேள்விக்கு வருகிறேன். சுனாமி மாற்றத்தை ஆரம்பிக்கவில்லை. அது இவானின் கபுறிலேயே ஆரம்பித்துவிட்டது. ஆனால் சுனாமிக்குப் பிறகு அரசாங்கத்துக்கு உலகத்தின் பணம் தேவைப்பட்டது. சிறையில் அரசியல் கைதிகளை நிரப்பி வைத்துக்கொண்டு கை நீட்டுவது கஷ்டம். ஓகஸ்ட் கைதுகளின் வழக்குகள் அந்த நாட்களிலேயே கைவிடப்பட்டன. 2005 ஜூன் 2 இல் கட்சிகளை அனுமதிக்க மஜ்லிஸ் வாக்களித்தது.

அதே அலை ஆச்சேயில் 2005 ஓகஸ்டில் சமாதான உடன்படிக்கைக்கு வழிவிட்டது. நமக்கு 2006 இல் போர் திரும்பி வந்தது. அலை எல்லோருக்கும் ஒன்றுதான். அதற்கு முன்னால் அந்தந்த நாட்டில் மனிதர்கள் எவ்வளவு தூரம் வந்திருந்தார்களோ அங்கிருந்துதான் அடுத்த அடி வைக்க முடிந்தது.

2008 தேர்தலை நேரில் பார்த்தீர்களா?

பார்த்தேன். முதலில் ஒரு விசயம்: அரசியலமைப்பைத் திருத்துவதற்கென்று கூடிய விசேட மஜ்லிஸ் நாலு வருடம் இழுத்தது. ஜனாதிபதி முறையா பாராளுமன்ற முறையா என்று 2007 ஓகஸ்டில் மக்களிடம் கேட்டார்கள். அறுபது வீதத்துக்கு மேல் ஜனாதிபதி முறைக்கே விழுந்தது, கையூமும் அதைத்தான் கேட்டிருந்தார். 2008 ஓகஸ்ட் 7 இல் புதிய அரசியலமைப்பு வந்தது. அடுத்த இரண்டு மாதத்தில் தேர்தல். இரண்டு மாதம்! புதிய தேர்தல் ஆணைக்குழு, புதிய உயர் நீதிமன்றம், புதிய வாக்காளர் பட்டியல் எல்லாம் அந்த இரண்டு மாதத்துக்குள்.

ஒக்டோபர் 8 முதற் சுற்றில் கையூமுக்கு 40 வீதம், நஷீத்துக்கு 25 வீதம். ஐம்பதை யாரும் தாண்டாததால் ஒக்டோபர் 28 இல் இரண்டாம் சுற்று. முதற் சுற்றில் தோற்ற மற்றவர்கள் நஷீத்தின் பக்கம் வந்தார்கள்.

அன்று எங்கள் பள்ளிக்கூடத்திலும் வாக்குப் பெட்டி. எனக்கு வாக்கில்லை, ஆனால் வீட்டில் இருக்க முடியவில்லை. விடியமுன்னே வரிசை. பெண்கள் தனி வரிசை, ஆண்கள் தனி வரிசை. ஒரு உம்மும்மாவை இரண்டு பேரன்மார் கையில் பிடித்துக் கொண்டுவந்தார்கள். அவருடைய வாழ்நாளில் ஜனாதிபதித் தேர்தலில் ஒன்றுக்கு மேற்பட்ட பெயர் உள்ள சீட்டை அந்த மாதம்தான் முதல் தடவை பார்த்திருப்பார். இரவு கடற்கரையில் கயிறு பின்னிய ‘ஜோலி’ நாற்காலிகளில் ஊரே உட்கார்ந்து தொலைக்காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தது. ஒவ்வொரு தீவின் எண்ணிக்கையாக வந்தது. நஷீத் 54 வீதம். கையூம் தோல்வியை ஏற்றுக்கொண்டார், நவம்பர் 11 இல் பதவி கைமாறியது.

அந்த ஏற்பைச் சிறியதாக நினைக்காதீர்கள். முப்பது வருடம் ஆண்டவர், படையும் பொலிஸும் கையில் இருந்தவர், எழுந்து போனார். அதற்காக அவரை நான் மதிக்கிறேன். அந்த இரவு அந்த ஊரில் அழாதவர்கள் குறைவு. நானும் அழுதேன், அது என் நாடில்லை என்றாலும்.

பிறகு ஏன் சரிவரவில்லை?

இதுதான் முக்கியமான கேள்வி. மற்றதெல்லாவற்றையும் மறந்தாலும் இந்தப் பதிலை ஞாபகம் வைத்திருங்கள்.

ஜனாதிபதி மாறினார். நீதிபதிகள் மாறவில்லை.

பழைய அரசியலமைப்பில் நீதி வழங்கும் அதிகாரத்தின் உச்சியே ஜனாதிபதிதான். நீதிபதிகளை நியமிப்பது, நீக்குவது எல்லாம் அவர் பக்கம். பலருக்குச் சட்டப் பட்டமே கிடையாது. புதிய அரசியலமைப்பின் 285 ஆம் உறுப்புரை இதற்கு ஒரு வழி சொன்னது. இரண்டு வருடத்துக்குள், அதாவது 2010 ஓகஸ்ட் 7 இற்குள், நீதிச்சேவை ஆணைக்குழு இருக்கும் நீதிபதிகளை ஒவ்வொருவராகப் பார்த்து, தகுதி உள்ளவர்களை மட்டும் நிரந்தரமாக்க வேண்டும். நல்ல ஏற்பாடு. என்ன நடந்தது? கெடு நெருங்கியதும் இருந்தவர்களில் ஏறக்குறைய எல்லோரையும் அப்படியே சத்தியப்பிரமாணம் செய்ய வைத்து நிரந்தரமாக்கிவிட்டார்கள். ஆணைக்குழுவின் உள்ளேயே இருந்த ஐஷத் வெலெஸினீ என்ற பெண் இதை எழுந்து நின்று எதிர்த்தார். 2011 ஜனவரியில் மாலே வீதியில், பட்டப்பகலில், அவரைக் கத்தியால் குத்தினார்கள். உயிர் தப்பினார்.

இப்படி நினைத்துப் பாருங்கள். வளவை விற்றாயிற்று, வாங்கியவர் குடிவந்தாயிற்று, ஆனால் கிணற்றுக்குரிய உறுதி இன்னும் பழையவர் பெயரில். தண்ணீர் வேண்டுமென்றால் தினமும் அவரிடம் போய்த்தான் நிற்க வேண்டும். நஷீத்தின் நிலை அதுதான்.

பாராளுமன்றமும் கையில் இல்லை. 2009 மே தேர்தலில் எதிரணிக்குத்தான் கூடுதல் இடம். தேர்தலில் கூட வந்த கூட்டாளிகள் சில வாரங்களிலேயே பிரிந்து போனார்கள். 2010 ஜூனில் வேலை செய்ய விடுகிறார்கள் இல்லை என்று அமைச்சரவை முழுவதும் இராஜினாமா செய்தது.

பொலிஸும் இராணுவமும் 2004 வரை ஒரே படை. பெயர்ப் பலகையைப் பிரித்தார்கள், பழக்கத்தைப் பிரிக்கவில்லை. 2004 இல் சதுக்கத்தில் கூட்டத்தை அடித்தவர்களில் பலர் 2008 இலும் அதே சீருடையில் இருந்தார்கள். யாரும் விசாரிக்கப்படவில்லை. நஷீத் பழிவாங்க விரும்பவில்லை என்றார். சிறையில் கிடந்து வந்தவர் அப்படிச் சொன்னது பெருந்தன்மை. ஆனால் மன்னிப்பும் விசாரணையின்மையும் ஒன்றில்லை என்று எனக்குத் தோன்றுகிறது, நம்முடைய நாட்டைப் பார்த்த அனுபவத்தில் சொல்கிறேன்.

2012 பெப்ரவரி 7: ஆட்சிக்கவிழ்ப்பா, இராஜினாமாவா?

நடந்ததைச் சொல்கிறேன். குற்றவியல் நீதிமன்றத்தின் பிரதம நீதிபதி அப்துல்லாஹ் மொஹமட் மீது நீதிச்சேவை ஆணைக்குழுவே நடத்தைக் குற்றம் கண்டிருந்தது. இன்னொரு நீதிமன்றம் மேல்நடவடிக்கைக்குத் தடை போட்டது. பொறுமையிழந்த நஷீத்தின் அரசாங்கம் 2012 ஜனவரி 16 இல் இராணுவத்தைக் கொண்டு அவரைப் பிடித்து ஒரு தீவில் வைத்தது. மூன்று வாரம் மாலேயில் ஆர்ப்பாட்டம். பெப்ரவரி 7 விடியற்காலை பொலிஸாரில் ஒரு பகுதியினர் கட்டளைக்குப் பணிய மறுத்துச் சதுக்கத்தில் நின்றார்கள், அரச தொலைக்காட்சி கைமாறியது, மதியத்துக்குப் பிறகு நஷீத் இராஜினாமா அறிவித்தார். உப ஜனாதிபதி வஹீத் பதவியேற்றார்.

துப்பாக்கி முனையில் எழுதிய கடிதம் என்றார் நஷீத். சிங்கப்பூர் நீதிபதி ஒருவரையும் இணைத் தலைவராகக் கொண்ட விசாரணை ஆணைக்குழு, கைமாற்றம் சட்டப்படிதான் என்று ஓகஸ்டில் அறிக்கை கொடுத்தது. பொலிஸ் வன்முறையை விசாரிக்க வேண்டும் என்றும் அதே அறிக்கை சொன்னது.

என் கருத்து? சீருடைக்காரர்கள் வீதியில் நின்று தெரிவுசெய்யப்பட்டவரைப் போகச் சொல்லும்போது, கடிதத்தில் யாருடைய கையெழுத்து இருக்கிறது என்பது எனக்குப் பெரிதில்லை. அதேநேரம் நீதிபதியை இராணுவத்தை விட்டுப் பிடித்தது பெரிய பிழை. நியாயமான முறைப்பாடு இருந்தும், எதிர்த்துப் போராடிய அதே ஆயுதத்தைக் கையில் எடுத்தார்கள். அடுத்த நாள் எங்கள் அட்டூவிலும் பொலிஸ் நிலையங்கள் எரிந்தன. ஒரு வாரம் வகுப்பில் பிள்ளைகள் இல்லை.

மார்க்கத்துக்கு இதில் என்ன இடம்?

மாலைதீவில் குடியுரிமையே முஸ்லிம்களுக்குத்தான், அரசியலமைப்பில் எழுதியிருக்கிறது. அதனால் சண்டை இஸ்லாத்துக்கும் வேறொன்றுக்கும் இடையில் வரவில்லை. யார் நல்ல முஸ்லிம் என்பதில் வந்தது. 2011 டிசம்பர் 23 இல் எதிர்க்கட்சிகள் ஒன்றுசேர்ந்து இஸ்லாத்தைக் காக்க என்று பெரிய பேரணி நடத்தின. நஷீத்தைப் பதவியிலிருந்து இறக்க வேண்டும் என்ற நோக்கத்துக்கு மார்க்கம் போர்வையானது. பெப்ரவரி 7 அன்று தேசிய நூதனசாலையில் பௌத்த காலச் சிலைகளை உடைத்தார்கள். நாட்டின் முந்திய வரலாறு தூளாகிப்போனது.

2014 ஓகஸ்டில் அஹமட் ரில்வான் என்ற பத்திரிகையாளர் காணாமல் போனார். 2017 ஏப்ரலில் வலைப்பதிவர் யாமீன் ரஷீத் வீட்டுப் படிக்கட்டில் கொல்லப்பட்டார். ரில்வான் தீவிரவாதக் குழுவால் கொல்லப்பட்டார் என்று ஆணைக்குழு ஒன்று சொல்ல 2019 ஆனது. நானும் தொழுகிறவன். மார்க்கத்தின் பெயரால் பேனாவை நிறுத்துவதை எந்த ஊரில் யார் செய்தாலும் என்னால் ஏற்க முடியாது.

நஷீத் ஆண்ட காலத்தில் நல்லது ஒன்றுமே நடக்கவில்லையா?

நிறைய நடந்தது. முதியவர்களுக்கு மாதம் 2,000 ருஃபியா. 2012 ஜனவரியிலிருந்து ‘ஆசந்த’ என்ற மருத்துவக் காப்புறுதி. 2011 பெப்ரவரியில் முதல் உள்ளூராட்சித் தேர்தல், கத்தீபின் இடத்தில் தெரிவான சபை. அதே வருடம்தான் வியாபார இலாப வரியும் சுற்றுலாப் பயணிகளிடம் பொருள் சேவை வரியும் வந்தன. அதற்கு முன் அரசாங்கத்தின் பணம் பெரும்பாலும் ரிசோட் தீவுகளின் குத்தகையிலிருந்தும் இறக்குமதித் தீர்வையிலிருந்தும் வந்தது. எந்தத் தீவு யாருக்கு என்று தீர்மானிப்பவர் கையில்தான் நாடு.

கசப்பும் இருந்தது. 2011 ஏப்ரலில் டொலருக்கு 12.85 ருஃபியா என்றிருந்த கட்டை அவிழ்த்து 15.42 வரை போக விட்டார்கள். சாமான் விலை ஏறியது. என் சம்பளம் ருஃபியாவில், வீட்டுக் கடன் இங்கே. ஊருக்கு அனுப்பும் காசு சுருங்கியது. தீவுக்காரர்களுக்கும் அதே கஷ்டம். ‘வாக்குப் போட்டோம், மீன் விலை ஏறியது’ என்று சொன்னவர்களை நான் குறை சொல்ல மாட்டேன்.

2013 தேர்தலில் நஷீத் தோற்றாரே?

செப்டம்பர் 7 முதற் சுற்றில் 45 வீதம் எடுத்து முதலாவதாக வந்தார். உயர் நீதிமன்றம் நாலுக்கு மூன்று என்ற கணக்கில் அதை இரத்துச் செய்தது. ஒக்டோபர் 19 இல் திரும்ப நடத்தப் போனபோது பொலிஸ் தடுத்தது. நவம்பர் 9 இல் மறுபடி முதற் சுற்று, 16 இல் இரண்டாம் சுற்று. அதில் அப்துல்லாஹ் யாமீன் 51 வீதத்துக்குச் சற்று மேல் எடுத்து வென்றார். கையூமின் தம்பி, தந்தை ஒருவர்தான், தாய் வேறு. 285 ஆம் உறுப்புரையைக் கைவிட்டதன் விலை இதுதான். நான் அந்த வருட முடிவில் ஊருக்கு வந்துவிட்டேன்.

2015 மார்ச்சில், அந்த நீதிபதியைப் பிடித்து வைத்தது பயங்கரவாதம் என்று நஷீத்துக்கு 13 வருடச் சிறை. வழக்கு மூன்று வாரம்கூட எடுக்கவில்லை. ரிசோட் குத்தகைப் பணத்தில் கோடிக்கணக்கான டொலர் சுருட்டப்பட்ட ஊழலும் இந்தக் காலத்தில்தான்.

2018 பெப்ரவரி 1 இல் உயர் நீதிமன்றம் திடீரென்று எதிர்க்கட்சித் தலைவர்களை விடுவிக்கச் சொன்னது. யாமீன் 5 ஆம் திகதி அவசரகால நிலை போட்டார். அன்றிரவு படை நீதிமன்றத்துக்குள் நுழைந்து பிரதம நீதியரசரையும் இன்னொரு நீதியரசரையும் பிடித்தது. மிஞ்சிய மூவரும் அடுத்த நாள் தீர்ப்பை மாற்றினார்கள். கையூமையும் பிடித்தார்கள். முப்பது வருடம் நாட்டை ஆண்டவர் எண்பது வயதில் தம்பியின் சிறையில். அதே வருடம் டிசம்பரில் இலங்கையில் பாராளுமன்றத்தைக் கலைத்தது பிழை என்று வழக்கை விசாரித்த ஏழு உயர் நீதிமன்ற நீதியரசர்களும் ஒருமித்துச் சொன்னார்கள், யாரும் அவர்களைத் தொடவில்லை. நம்முடைய நீதித்துறையில் குறை நிறைய. 2013 ஜனவரியில் பிரதம நீதியரசரைப் பதவி நீக்கியதும் இந்த நாடுதான். ஆனாலும் அந்த டிசம்பரின் பெறுமதி எனக்கு மாலைதீவைப் பார்த்ததால்தான் விளங்கியது.

அப்படி இறுக்கிப் பிடித்த யாமீன் எப்படித் தோற்றார்?

மக்கள் வாக்குப் போட்டார்கள். 2018 செப்டம்பர் 23 இல் கிட்டத்தட்ட 89 வீதம் பேர் வந்தார்கள். கொழும்பிலும் பெட்டி வைத்திருந்தார்கள், மணிக்கணக்காக வரிசை நின்றது. என்னிடம் படித்த ஒரு பிள்ளை அந்த வரிசையிலிருந்து எனக்குப் படம் அனுப்பினாள். பொது வேட்பாளர் இப்ராஹிம் மொஹமட் சோலிஹ் 58 வீதம். கவனித்துப் பார்த்தால், 2008 முதல் பதவியில் இருந்த எந்த ஜனாதிபதியும் அங்கே தேர்தலில் மறுபடி வென்றதில்லை. கையூம், வஹீத், யாமீன், சோலிஹ் எல்லோரும் தோற்றார்கள். வஹீதுக்கு 2013 இல் ஐந்து வீதம்தான். நீதிமன்றம் பலமுறை பிழை விட்டாலும் வாக்குப் பெட்டிப் பழக்கம் அந்த மக்களிடம் ஊறிவிட்டது.

இந்தியாவும் சீனாவும்தானே எல்லாவற்றையும் தீர்மானிக்கின்றன?

அப்படிச் சொல்வது அந்த மக்களுக்குச் செய்யும் அநியாயம். இரண்டு நாடுகளுக்கும் அங்கே அக்கறை உண்டு, கடனும் கட்டடங்களும் உண்டு. இவானின் தாய் யாரையும் கேட்டு நிற்கவில்லை.

இப்போது நிலைமை எப்படி?

2023 செப்டம்பர் 30 இல் மொஹமட் முய்ஸு 54 வீதம் எடுத்து வென்றார், சோலிஹ் மரியாதையாக விலகினார். 2024 ஏப்ரலில் முய்ஸுவின் கட்சிக்கு மஜ்லிஸில் மூன்றில் இரண்டுக்கு மேல். அந்த நவம்பரில், கட்சி மாறினால் ஆசனம் போகும் என்ற அரசியலமைப்புத் திருத்தத்தைச் சில மணி நேரத்தில் நிறைவேற்றினார்கள். அதற்கு எதிரான வழக்கு உயர் நீதிமன்றத்தில் இருக்கும்போது, 2025 பெப்ரவரியில், ஏழு நீதியரசர்களில் மூவரை இடைநிறுத்தினார்கள். இடைநிறுத்தியது நீதிச்சேவை ஆணைக்குழு. பெயர் ஞாபகமிருக்கிறதுதானே? எனக்கு இந்தச் செய்தியைப் படித்தபோது 2010 ஓகஸ்ட் ஞாபகம் வந்தது, இரவு நித்திரை வரவில்லை.

பரீட்சையில் இதை எழுதலாமா, சேர்?

எழுதலாம். நீதித்துறைச் சுதந்திரம், அதிகார வேறாக்கம் பற்றிய கேள்விக்கு நல்ல உதாரணம். இலங்கையின் 17, 18, 19 ஆம் திருத்தங்களில் சுயாதீன ஆணைக்குழுக்கள் வந்ததையும் போனதையும் பக்கத்தில் வைத்து எழுதுங்கள். வருடங்களை மாற்றி எழுதிவிடாதீர்கள்: கட்சிகள் 2005, அரசியலமைப்பும் தேர்தலும் 2008, நீதிபதிகள் 2010, கவிழ்ந்தது 2012.

அடுத்த மாதம் ரிசோட் வேலைக்குப் போகிறேன். அங்கே அரசியல் பேசலாமா?

ரிசோட்டில் பேச நேரமும் இருக்காது, தேவையும் இல்லை, தம்பி. ஆர்ப்பாட்டம் நடக்கும் இடத்துக்கு வேடிக்கை பார்க்கவும் போகாதீர்கள். வெளிநாட்டுக்காரர் அதில் கலந்துகொண்டால் விசாவை இரத்துச் செய்து திருப்பி அனுப்புவார்கள். ஒப்பந்தம் டொலரிலா ருஃபியாவிலா என்று போக முன்பே பார்த்துக் கையெழுத்துப் போடுங்கள். கடவுச்சீட்டின் பிரதி ஒன்றை வீட்டில் உம்மாவிடமோ அம்மாவிடமோ கொடுத்துவிட்டுப் போங்கள். லீவு நாளில் மக்கள் வாழும் தீவு ஒன்றுக்குப் போனால் காலையில் ‘மஸ் ஹுனி’யும் ரொட்டியும் வாங்கிச் சாப்பிடுங்கள், நம்முடைய மாசிச் சம்பலுக்குச் சொந்தக்காரர்தான். கடற்கரையில் ஜோலியில் உட்கார்ந்திருக்கும் வயதானவர்கள் பக்கத்தில் இருக்கச் சொன்னால் இருங்கள். 2008 ஒக்டோபரில் எங்கே இருந்தீர்கள் என்று கேளுங்கள். அவர்களே சொல்லத் தொடங்குவார்கள்.